சில்லுப் பக்கத்து ‘டக் டக்’ சத்தமும் வர்த்தகரின் கணக்கும்

வர்த்தகர் ஒருவருக்கு வாகனம் என்பது வெறும் அலங்காரப் பொருளல்ல. அதுவும் ஒரு முதலீடாகும். கொள்வனவுக்குக் கொழும்பு செல்வதும், நிலுவைப் பணம் சேகரிக்க ஊர் ஊராகச் செல்வதும், குடும்பத்தை ஏற்றிச் செல்வதும் பெரும்பாலும் ஒரே வாகனத்தில்தான். ஆயினும் கடையின் கணக்கை ரூபா சதம் வரை பார்க்கின்ற பலர், வாகனத்தின் கணக்கைக் கராஜ் பாஸிடம் ஒப்படைத்துவிட்டு, அவர் சொல்வதைக் கொடுத்துவிட்டு வருகின்றனர்.

அந்நியச் செலாவணியைப் பாதுகாப்பதற்காக 2020 இல் வாகன இறக்குமதி இடைநிறுத்தப்பட்டது. தனியார் பாவனைக்கான வாகனங்களை இறக்குமதி செய்வதற்கு 2025 பெப்ரவரியிலேயே மீண்டும் அனுமதி கிடைத்தது. இதனால் அதற்கு முன்னர் வந்த வாகனங்களையே நம்மவர்கள் நீண்ட காலம் பழுதுபார்த்து ஓட்ட வேண்டியதாயிற்று. அவற்றுள் 2013 டிசம்பரில் ஜப்பானில் அறிமுகமான ஹொண்டா வெசெல் முக்கியமானது. காரை விட உயரமும் ஜீப்பை விடச் சிறிய உருவமும் கொண்ட இந்த வகையை ‘கிரொஸ்ஓவர்’ என்கின்றனர். எமது வீதிகளில் இன்றும் ஓடுகின்ற முதல் தலைமுறை வெசெல்களில் பல பத்து வயதைத் தாண்டிவிட்டன.

இந்த வயதில் இவ்வாகனங்களின் முன்பக்கத்திலிருந்து வரும் பொதுவான முறைப்பாடு ஒன்றுண்டு. சிறு குழிகளில் மெதுவாக இறங்கி ஏறும்போது ‘டக் டக்’ என்று கேட்கும் சத்தமே அது. பல வேளைகளில் இதற்குக் காரணம் ‘ஸ்டெபிலைசர் லிங்க்’ எனப்படும் சிறியதொரு பாகம். அது என்ன, எப்படித் தேய்கிறது, எவ்வாறு மாற்றப்படுகிறது, அதில் வர்த்தகருக்குள்ள பாடம் என்ன என்பதை இவ்வாரம் பார்ப்போம்.

ஸ்டெபிலைசர் லிங்க் என்ன வேலை செய்கிறது?

வாகனம் வளைவில் திரும்பும்போது அதன் உடல் வெளிப்பக்கம் சாய முற்படும். கிரொஸ்ஓவர் வாகனங்கள் உயரமானவை என்பதால் இந்தச் சாய்வை அடக்குவது மிக அவசியம். இதற்காக இரு முன் சில்லுகளுக்கும் குறுக்கே வளைந்ததோர் உருக்குத் தண்டு பொருத்தப்பட்டிருக்கும். இதுவே ஸ்டெபிலைசர் பார். அதன் நடுப்பகுதி இரண்டு றப்பர் புஷ்களால் வாகனத்தின் அடிச்சட்டத்தில் பிடிக்கப்பட்டிருக்கும். அதன் இரு முனைகளையும் இரு பக்க ஷொக் அப்சோபர்களுடன் இணைக்கும் சிறிய தண்டுகள்தான் லிங்க்.

வளைவில் ஒரு பக்கச் சில்லு மேலேறி மறு பக்கச் சில்லு கீழிறங்கும்போது அந்தத் தண்டு முறுக்கப்படுகிறது. முறுக்கை எதிர்க்கும் அதன் விசையே வாகனத்தைச் சாயவிடாமல் தடுக்கிறது. இரு சில்லுகளும் ஒரே நேரத்தில் ஒரே அளவு ஏறி இறங்கினால் தண்டு முறுக்கப்படுவதில்லை. அப்போது அதற்கு வேலையுமில்லை. இதை மனதில் வைத்துக்கொண்டால் கீழே சொல்லப்படும் பரிசோதனைகள் எளிதில் விளங்கும்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். தண்டு இரு முனைகளிலும் பிடிக்கப்பட்டிருந்தால் மாத்திரமே முறுக்கப்படும். ஆகவே ஒரு பக்க லிங்க் முற்றாக உடைந்தாலே இரு பக்கத்துக்குமான பயனும் இல்லாமல் போய்விடும். ‘ஒன்றுதானே உடைந்தது, பாதியாவது வேலை செய்யும்’ என்று எண்ணுவது தவறு.

தேய்வது எப்படி?

லிங்கின் இரு முனைகளிலும் சிறிய பந்து மூட்டுகள் உள்ளன. பந்தைச் சுற்றிக் கிறீஸும், அதை மூடி றப்பர் உறையும் இருக்கும். உறை வெடித்தால் கிறீஸ் வெளியேறி, சேறும் மணலும் தண்ணீரும் உள்ளே செல்லும். பின்னர் பந்துக்கும் அதன் குழிக்கும் இடையே தளர்வு ஏற்படும். அந்தத் தளர்வே சத்தமாகக் கேட்கிறது. குழி நிறைந்த உள்ளூர் வீதிகளும், மழைக்காலத்தில் தேங்கி நிற்கும் நீரும் இதனை விரைவுபடுத்துகின்றன. வெடித்த உறைக்குள் கிறீஸ் ஏற்றினால் சில நாட்களுக்குச் சத்தம் அடங்கலாம். ஆனால் உள்ளே போன மணல் தன் வேலையைத் தொடர்ந்து செய்யும். எனவே அது பரிகாரமல்ல.

பயமுறுத்தலும் வேண்டாம், அலட்சியமும் வேண்டாம்

லிங்க் தேய்ந்ததால் சில்லு கழன்று விழாது. பிரேக்கும் ஸ்டியரிங்கும் வேலை செய்யும். ‘இப்போதே மாற்றாவிட்டால் உயிருக்கே ஆபத்து’ என்று அவசரப்படுத்துவோரின் பேச்சில் வியாபாரம் கலந்திருக்கலாம்.

அதற்காக அலட்சியமாக இருப்பதும் கூடாது. லிங்க் உடைந்தால் வளைவுகளில் வாகனம் வழமையை விட அதிகம் சாயும். கடுகண்ணாவை ஏற்றத்திலோ, காத்தான்குடியிலிருந்து மஹியங்கனை ஊடாகக் கண்டி செல்லும் வளைவுப் பாதையிலோ, திடீரென ஒரு முச்சக்கர வண்டிக்கு விலகிக்கொடுக்க நேர்ந்தால் இந்த வேறுபாடு பெரிதாகும். உடைந்த முனை பிரேக் குழாயிலோ ரயரிலோ உரசவும் இடமுண்டு.

இவை எல்லாவற்றையும் விட முக்கியமானது, இதே போன்ற சத்தம் வேறு பாகங்களிலிருந்தும் வரலாம் என்பதாகும். கீழ் ஆர்ம் பந்து மூட்டு, ஸ்டியரிங் ரொட் முனை, ஷொக்கின் மேல் மவுண்ட், ஆர்ம் புஷ், ஸ்டெபிலைசர் பாரின் நடு புஷ் ஆகியவை அவற்றுள் சில. இவற்றில் கீழ் ஆர்ம் பந்து மூட்டு கழன்றால் சில்லே சரிந்துவிடும். ஸ்டியரிங் ரொட் முனை கழன்றால் சில்லு ஸ்டியரிங்கிற்குக் கட்டுப்படாது. சத்தத்தைக் கேட்டவுடன் ‘லிங்க்தான்’ என்று முடிவுசெய்து அதை மாற்றிவிட்டு, உண்மையான குறையை விட்டுவிட்டால், பணமும் போய் ஆபத்தும் மிஞ்சும். பரிசோதனை ஏன் அவசியம் என்பது இப்போது விளங்கும்.

பரிசோதிக்கும் முறை

முதலாவது, சத்தம் எப்போது வருகிறது என்று கவனியுங்கள். ஒரு பக்கச் சில்லு மட்டும் குழியில் இறங்கும்போது அதிகமாகவும், இரு சில்லுகளும் ஒரே நேரத்தில் வேகத்தடையில் ஏறும்போது குறைவாகவும் இருந்தால் லிங்க் மீது சந்தேகம் கொள்ளலாம். பிரேக் பிடிக்கும்போதும் ஸ்டியரிங்கை நின்ற இடத்தில் திருப்பும்போதும் சத்தம் வந்தால் வேறு பாகங்களையும் பார்க்க வேண்டும்.

இரண்டாவது, றப்பர் உறைகளைக் கண்ணால் பாருங்கள். வெடிப்பு, கிறீஸ் கசிவு, துரு என்பன தெரிகின்றனவா?

மூன்றாவது, லிங்கைக் கையால் பிடித்து அசைத்துப் பாருங்கள். இங்குதான் பலர் தவறிவிடுகின்றனர். ஒரு பக்கத்தை மட்டும் ஜெக்கில் உயர்த்தினால் தண்டு முறுக்கப்பட்டு லிங்கை இறுக்கிப் பிடித்திருக்கும். அப்போது தேய்ந்த லிங்க் கூட நல்லது போலத் தெரியும். இரு முன் சில்லுகளும் தரையில் இருக்க வேண்டும். அல்லது இரண்டும் ஒரே அளவில் தொங்க வேண்டும். அப்போதுதான் தளர்வு கையில் தெரியும்.

நான்காவது, சந்தேகம் தீராவிட்டால் இரு லிங்க்களையும் கழற்றிவிட்டு, வெறுமையான உள்வீதியில் மிக மெதுவாக ஓட்டிப் பார்க்கலாம். சத்தம் நின்றுவிட்டால் குறை லிங்கிலோ பாரின் நடு புஷ்ஷிலோதான் உள்ளது. நிற்காவிட்டால் வேறிடத்தில் தேட வேண்டும். கழற்றிய நிலையில் வாகனம் அதிகம் சாயும் என்பதால் பிரதான வீதிக்குக் கொண்டுசெல்லக் கூடாது.

கராஜில் இந்த ஒரு வசனத்தைச் சொல்லப் பழகிக்கொள்ளுங்கள்: “பாஸ், தளர்வு எங்கே இருக்கிறது என்று கொஞ்சம் காட்டுங்கள்.” நல்ல பாஸ் இதற்குக் கோபப்பட மாட்டார், சந்தோஷமாகக் காட்டுவார்.

மாற்றும் ஒழுங்கு

இது கைப்பழக்கமுள்ளவர் தாமே செய்யக்கூடிய வேலை. கராஜில் கொடுப்பவரும் ஒழுங்கைத் தெரிந்திருந்தால் வேலையைக் கண்காணிக்க முடியும்.

1. சமதரையில் வாகனத்தை நிறுத்தி, கைபிரேக் போட்டு, பின்சில்லுகளுக்கு முட்டுக்கொடுக்கவும். ஹைபிரிட் வாகனம் சத்தமின்றி இயங்கும் நிலையில் இருக்கக்கூடும். எனவே பவரை முற்றாக நிறுத்தி, சாவியைத் தூரமாக வைக்கவும். செம்மஞ்சள் நிற வயர்கள் உயர் மின்னழுத்தம் கொண்டவை. அவற்றைத் தொடக் கூடாது.

2. சில்லு நட்களைச் சற்றுத் தளர்த்திய பின், தயாரிப்பாளர் குறித்துள்ள இடத்தில் மாத்திரம் ஜெக்கை வைத்து உயர்த்தவும். இரு பக்கமும் உயர்த்தி உறுதியான ஸ்டாண்ட்களில் நிறுத்தவும். ஜெக்கை மட்டும் நம்பியோ கற்களை அடுக்கியோ வாகனத்தின் கீழ் கையையும் தலையையும் கொடுக்கக் கூடாது. இதில் விட்டுக்கொடுப்புக்கே இடமில்லை.

3. சில்லுகளைக் கழற்றி, லிங்கின் நட்களில் உள்ள துருவைக் கம்பித் தூரிகையால் சுத்தம் செய்து, துரு இளக்கும் எண்ணெய் தெளித்துக் கால் மணி நேரம் விடவும்.

4. நட்டைத் திருப்பும்போது பந்தின் தண்டும் சேர்ந்து சுற்றும். அதைத் தடுப்பதற்குத் தண்டின் நுனியில் அறுகோணத் துளை இருக்கும். அதில் அலன் கீயைப் போட்டுப் பிடித்துக்கொண்டு, ரிங் ஸ்பெனரால் நட்டைக் கழற்ற வேண்டும். பல ஜப்பானிய வாகனங்களில் நட் 14 அல்லது 17 மில்லிமீற்றராக இருக்கும். துளையில் அழுக்கு இருந்தால் முதலில் அதை அகற்றவும். இல்லாவிட்டால் அலன் கீ வழுக்கித் துளையைக் கெடுத்துவிடும். அவ்வாறு கெட்டால் நட்டை அறுத்தெடுக்க நேரும். அப்போது பிரேக் குழாயையும் ஷொக்கின் பிடியையும் காப்பது அவசியம்.

5. பழைய லிங்கையும் புதியதையும் அருகருகே வைத்து ஒப்பிடவும். நீளம், தண்டுகள் பார்க்கும் திசை, மரையின் அளவு ஆகியவை ஒத்திருக்க வேண்டும். சில வாகனங்களில் இடது வலது வேறுபாடும் உண்டு.

6. புதியதைப் பொருத்தி இரு நட்களையும் முதலில் கையால் ஏற்றவும். இவை தாமாக இறுக்கிப் பிடிக்கும் வகை நட்கள். பழையதை மீண்டும் பாவிக்காமல் புதிய நட்களையே போடவும். இறுக்குவதற்குக் காற்றுத் துப்பாக்கி வேண்டாம். தண்டு சுழன்று புதிய உறையை முறுக்கிக் கிழித்துவிடும். தயாரிப்பாளரின் கைநூலில் உள்ள அளவுக்கு டோர்க் ரென்சினால் இறுக்குவதே முறை.

7. மறுபக்கமும் இவ்வாறே செய்யவும். இரண்டும் ஒரே வீதியில் ஒரே காலம் ஓடியவை என்பதால் ஒன்று போனால் மற்றது பின்னால் வரும். சோடியாக மாற்றினால் கூலி ஒரு தடவையோடு முடியும்.

8. வாகனத்தை இறக்கிய பின் சில்லு நட்களை இறுக்கி, ஓட்டிப் பார்க்கவும். சில நாட்கள் ஓடியதும் நட்களை ஒருமுறை மீண்டும் சோதிக்கவும்.

இங்கு செலவைக் குறைக்கும் ஒரு தகவல். லிங்க் மாற்றுவதால் சில்லுகளின் கோணம் மாறுவதில்லை. ஆகவே அதற்காக மட்டும் ‘வீல் அலைன்மென்ட்’ செய்யத் தேவையில்லை. ஸ்டியரிங் ரொட் முனையையோ கீழ் ஆர்மையோ மாற்றினால் அது தேவைப்படும்.

மலிவு என்பது எது?

பஞ்சிகாவத்தைக்குச் சென்றால் ஒரே லிங்கிற்குப் பல விலைகள் சொல்லப்படும். வாகனத் தயாரிப்பாளரின் பெயரிலேயே வரும் அசல்; ஜப்பானின் 555, கொரியாவின் சீ.ரீ.ஆர். போன்ற பெயர் பெற்ற நிறுவனங்களின் தயாரிப்பு. பெயர் தெரியாத மலிவுப் பொருள். நல்ல நிறுவனத்தின் பெட்டியைப் போலச் செய்த போலி. கழற்றி எடுத்த பாவித்த லிங்கும் கிடைக்கும். ஆனால் அதன் மீதி ஆயுள் எவ்வளவு என்பது விற்பவருக்கும் தெரியாது.

ஓர் உதாரணக் கணக்கைப் பார்ப்போம். இது சந்தை விலையல்ல. விளங்கிக்கொள்வதற்காக எடுத்த எண்கள். மலிவு லிங்க் ஒன்று 3,000 ரூபா, ஓராண்டு உழைக்கும். நல்ல லிங்க் 7,500 ரூபா, நான்கு ஆண்டுகள் உழைக்கும். ஒரு தடவைக்கான கூலி 2,000 ரூபா. வாகனம் அரை நாள் கராஜில் நிற்பதால் வியாபாரத்தில் ஏற்படும் இழப்பு 4,000 ரூபா என வைத்துக்கொள்வோம்.

மலிவுச் சோடி 6,000, கூலி 2,000, இழப்பு 4,000: ஆண்டுக்கு 12,000 ரூபா. நான்கு ஆண்டுகளுக்கு 48,000 ரூபா. நல்ல சோடி 15,000, கூலி 2,000, இழப்பு 4,000: நான்கு ஆண்டுகளுக்கும் சேர்த்து 21,000 ரூபா. வேறுபாடு 27,000 ரூபா. பற்றுச்சீட்டில் மலிவாகத் தெரிந்தது உண்மையில் இரட்டிப்பை விட அதிகமான செலவாகிவிட்டது. உங்கள் சொந்த எண்களைப் போட்டு இதே கணக்கைச் செய்து பாருங்கள். இன்னும் ஓராண்டுக்குள் விற்கப்போகும் வாகனமாயின் விடை மாறவும் கூடும். கணக்குப் பார்த்து முடிவு செய்வதே முக்கியம்.

அத்துடன் ஒரு சிறிய கொப்பியை வாகனத்திலேயே வையுங்கள். திகதி, கிலோமீற்றர், மாற்றிய பாகம், வாங்கிய கடை, விலை என்பவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள். ஓடும் ஒவ்வொரு கிலோமீற்றருக்கும் ஒரு சிறு தொகையைப் பராமரிப்புக்கென ஒதுக்குங்கள். மாதம் 2,000 கிலோமீற்றர் ஓடுபவர் 5 ரூபா வீதம் ஒதுக்கினால் மாதம் 10,000 ரூபா சேரும். பழுது வரும் நாளில் கடை முதலில் கைவைக்க நேராது.

உதிரிப்பாகம் விற்போருக்கு

இப்பத்தியின் வாசகர்களில் உதிரிப்பாக வியாபாரிகளும் கராஜ் உரிமையாளர்களும் உள்ளனர். அவர்களுக்குச் சில வார்த்தைகள்.

‘வெசெலுக்கு லிங்க்’ என்று கேட்டவுடன் எடுத்துக் கொடுக்காமல் செசி இலக்கத்தைக் கேளுங்கள். முதல் தலைமுறையிலேயே பெற்றோல், ஹைபிரிட், இரு சில்லு இயக்கம், நான்கு சில்லு இயக்கம் என வகைகள் உண்டு. இரு சில்லு இயக்க ஹைபிரிட்டின் குறியீடு ஆர்.யூ.3 ஆகும். 2021 இல் வந்த இரண்டாம் தலைமுறை வேறு வாகனம். பொருந்தாத பாகம் திரும்பி வந்தால் விற்றவருக்கும் வாங்கியவருக்கும் நேரம் வீண்.

எது அசல், எது வேறு நிறுவனத் தயாரிப்பு, எது பாவித்தது என்பதை வாய்ச்சொல்லாக விடாமல் பற்றுச்சீட்டில் எழுதுங்கள். 2003 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்க நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபைச் சட்டத்தின்படி, வாங்குபவர் கேட்டால் பற்றுச்சீட்டு வழங்குவது வர்த்தகரின் கடமை. பொருளின் தரம் பற்றித் தவறாக வழிநடத்துவதும் குற்றமாகும்.

சட்டத்துக்கு முன்னரே எமக்கு மார்க்கம் இருக்கிறது. சந்தையில் தானியக் குவியலுக்குள் நபி (ஸல்) அவர்கள் கையை விட்டபோது உள்ளே ஈரம் இருந்ததும், அதை மக்கள் காணும்படி மேலே வைக்காததற்காக அந்த வியாபாரியைக் கண்டித்ததும் நாம் அறிந்த ஹதீஸே. போலியை அசல் என்று விற்பதும், தேயாத பாகத்தைத் தேய்ந்தது என்று மாற்றுவதும் அந்த ஈரத்தை மறைப்பதைப் போன்றதுதான். வாகனம் விற்கும்போது உறைக்குள் கிறீஸைத் திணித்துச் சத்தத்தை அடக்கிவிட்டு ‘ஒரு குறையுமில்லை’ என்று சொல்வதும் அதில் அடங்கும். குறையைச் சொல்லி அதற்கேற்ப விலையைக் குறைத்துக் கொடுத்தால் கையில் வரும் தொகை குறையலாம், பரக்கத் குறையாது. வாங்கியவர் அடுத்த தடவையும் உங்களையே தேடி வருவார்.

கராஜ் உரிமையாளர்கள், கழற்றிய பழைய பாகத்தை வாடிக்கையாளரின் கையில் கொடுக்கும் பழக்கத்தை ஏற்படுத்திக்கொள்ள வேண்டும். பணச் செலவில்லாத மிகச் சிறந்த விளம்பரம் அதுவே. வாடிக்கையாளரும் அதைக் கேட்டு வாங்கி, பந்தை விரலால் அசைத்துப் பார்க்கட்டும். எந்த எதிர்ப்புமின்றி அது தளர்ந்து ஆடினால், கொடுத்த பணம் உரிய இடத்துக்கே போயிருக்கிறது என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை.

சிறு பாகமொன்றின் கதைதான் இது. ஆனால் குறையைச் சரியாகக் கண்டறிதல், தரத்தையும் ஆயுளையும் சேர்த்து விலையைக் கணக்கிடுதல், விற்பதில் உண்மை பேசுதல் ஆகிய மூன்றும் எந்த வியாபாரத்துக்கும் பொருந்துபவை. இவ்வாரம் உங்கள் வாகனத்தின் முன்சில்லுகளின் பின்புறம் ஒரு தடவை குனிந்து பாருங்கள். உறை வெடித்திருந்தால் அடுத்த நீண்ட பயணத்துக்கு முன்னரே அதைக் கவனித்துக்கொள்ளுங்கள்.